யாரும் பார்த்திராத அறைகள்: கென் ஆடமின் செட்டுகள்

1964-இல் 'கோல்ட்ஃபிங்கர்' என்ற ஜேம்ஸ் பாண்ட் படம் வெளியானபோது, அதை வெளியிட்ட யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனத்துக்குக் கோபமான கடிதங்கள் வந்தன. கென்டக்கியில் உள்ள ஃபோர்ட் நாக்ஸ் அமெரிக்க அரசின் தங்கக் கிடங்கு. வெளியாட்கள் காலெடுத்து வைக்க முடியாத இடம். அதற்குள் ஒரு பிரிட்டிஷ் படக்குழுவை எப்படி விட்டீர்கள் என்பது கடிதம் எழுதியவர்களின் கேள்வி. உண்மையில் யாரும் விடவில்லை. படத்தில் தெரியும் கிடங்கின் உட்புறம் முழுவதும் லண்டனுக்கு மேற்கே பைன்வுட் ஸ்டுடியோவில் போட்ட செட். அதை வடிவமைத்த கென் ஆடமும் அந்தக் கிடங்கின் உள்ளே போய்ப் பார்த்தவர் இல்லை.

நிஜக் கிடங்குகள் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியாமலும் இல்லை. தங்கத்தின் எடை காரணமாகக் கட்டிகளை உயரமாக அடுக்கமாட்டார்கள். தாழ்வான அடுக்குகள், குறுகலான அறைகள், அவ்வளவுதான். பார்க்கச் சப்பென்று இருக்கும். ஆடம் கட்டிகளைச் சுமார் 40 அடி உயரத்துக்கு அடுக்கி, முன்னால் சிறைச்சாலை போலக் கம்பிகளைப் போட்டார். உலகத்தின் மிகப் பெரிய கஜானாவுக்குள் போகிறோம் என்று டிக்கெட் வாங்கி வந்தவனுக்குத் தங்கம் கண்ணில் பட வேண்டாமா? அந்த உயரத்தில் அதைப் பார்த்த பிறகு, நிஜக் கிடங்கு வேறு மாதிரி இருக்கும் என்று யாருக்கும் தோன்றவில்லை.

நம்மூரில் ஆர்ட் டைரக்டர் என்று பொதுவாகச் சொல்லும் வேலையில், மொத்தப் படத்தின் தோற்றத்துக்கும் பொறுப்பேற்பவரை புரொடக்‌ஷன் டிசைனர் என்கிறார்கள். ஆடம் அந்தப் பொறுப்பில் இருந்த ஏறத்தாழ 45 ஆண்டுகளை வரிசையாகப் பார்த்தால் ஒரு விஷயம் கண்ணில் படுகிறது. யாரும் பார்த்திராத இடத்தைக் கட்டச் சொன்னால் அவர் பின்னியெடுத்தார். ஏற்கெனவே இருக்கும் இடங்களை அவை இருக்கிறபடியே படமாக்க வேண்டும் என்று ஒரு இயக்குநர் பிடிவாதம் பிடித்தபோது மனம் உடைந்து படுத்துவிட்டார். ஆனால் அவர் வாங்கிய 2 ஆஸ்கர்களும் பெரும்பாலும் இருக்கும் மாளிகைகளுக்குள் எடுத்த படங்களுக்காகவே கிடைத்தன.

பெர்லினிலிருந்து பைன்வுட்டுக்கு

1921-இல் பெர்லினில் ஒரு வசதியான யூதக் குடும்பத்தில் பிறந்தவர். இயற்பெயர் கிளாஸ் ஹியூகோ ஆடம். குடும்பத்துக்கு நகரின் நடுவே பெரிய துணிக்கடை இருந்தது. ஹிட்லர் ஆட்சிக்கு வந்த மறு ஆண்டு, 1934-இல், எல்லாவற்றையும் விட்டுவிட்டு லண்டனுக்கு வந்தார்கள். அம்மா தங்கும் விடுதி நடத்திக் குடும்பத்தைக் காப்பாற்றினார். அப்பா இரண்டே ஆண்டில் இறந்துபோனார்.

சினிமாவுக்கு செட் வரைய வேண்டும் என்று ஆசைப்பட்ட பையனிடம், அப்போது பெரிய கலை இயக்குநராக இருந்த வின்சென்ட் கோர்டா, முதலில் கட்டடக் கலை படி என்றார். ஆடமும் படித்தார். ஒரு தூணை எங்கே எடுக்கலாம், எங்கே எடுத்தால் கூரை விழும் என்று தெரிந்தவனால்தான், விழப்போவது போலத் தெரியும் கூரையைத் தைரியமாக வரைய முடியும். அவருடைய பிற்காலச் சாய்ந்த சுவர்களையும் தொங்கும் கூரைகளையும் பார்க்கும்போது கோர்டாவின் அறிவுரை எவ்வளவு தூரம் வேலை செய்தது என்று தெரியும்.

நடுவே போர் வந்தது. பிரிட்டிஷ் விமானப்படையின் 609-ஆவது ஸ்குவாட்ரனில் டைஃபூன் போர்விமானம் ஓட்டினார். ஜெர்மனியில் பிறந்து அந்தப் படையில் போர்விமானம் ஓட்டியவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். எதிரியிடம் சிக்கினால் மற்ற விமானிகளைப் போலப் போர்க்கைதியாக நடத்துவார்கள் என்ற நிச்சயம் அவருக்கு இல்லை.

1940-களின் கடைசியில் வரைவாளராக ஸ்டுடியோவுக்குள் நுழைந்தார். அடுத்த 10 ஆண்டுகள் கடற்கொள்ளையர் கப்பல், பழங்காலக் கோட்டை என்று கிடைத்ததை எல்லாம் வரைந்தார். அந்தக் காலத்தில் இரண்டு விஷயங்கள் முக்கியம். '80 நாட்களில் உலகப் பயணம்' கதையின் 1956-ஆம் ஆண்டுப் படத்தில் வில்லியம் கேமரன் மென்சீஸுடன் வேலை செய்யும் வாய்ப்பு கிடைத்தது. புரொடக்‌ஷன் டிசைனர் என்ற பட்டமே அவரிலிருந்துதான் புழக்கத்துக்கு வந்தது. பயப்படாமல் வரை என்று அவர் ஆடமைத் தூண்டினார். இரண்டாவது விஷயம், மனைவி லெட்டிசியா. கட்டடக் கலைப் பயிற்சியால் ஆடமின் கோடுகள் ஸ்கேல் வைத்துப் போட்டதுபோல இறுக்கமாக இருந்தன. கையைத் தளரவிடு என்று அவர் விடாமல் சொல்லிச் சொல்லியே ஆடம் தடித்த முனையுள்ள ஃபெல்ட் பேனாவுக்கு மாறினார். அந்தப் பேனாவால் சின்ன விவரங்களை வரைய முடியாது. எங்கே வெளிச்சம், எங்கே இருட்டு என்று முதல் கோட்டிலேயே முடிவெடுத்தாக வேண்டும். அவருடைய ஓவியங்களில் செட்டுக்கு முன்னால் லைட்டிங்தான் தெரியும்.

இயக்குநர் ஊரில் இல்லாதபோது

1962-இல் 'டாக்டர் நோ'. முதல் ஜேம்ஸ் பாண்ட் படம். மொத்தச் செலவு சுமார் 10 லட்சம் டாலர். இந்த மாதிரிப் படத்துக்கு அன்றே அது சிக்கனம். செட்டுகளுக்கு முதலில் ஒதுக்கியது 14,000 பவுண்டு. போதாது என்று அடம்பிடித்து இன்னும் கொஞ்சம் வாங்கினார்.

இயக்குநர் டெரன்ஸ் யங் குழுவுடன் ஜமைக்காவுக்குப் படப்பிடிப்புக்குப் போய்விட்டார். திரும்பி வரும்போது தளங்களில் செட் தயாராக இருக்க வேண்டும், என்ன வேண்டுமானாலும் செய்துகொள் என்பதுதான் ஆடமுக்குக் கிடைத்த உத்தரவு. ஒரு கலை இயக்குநருக்கு இதைவிட நல்ல வரம் கிடையாது. கேள்வி கேட்க ஆள் இல்லை, கால அவகாசமும் இல்லை. தினமும் பத்துப் பேருக்கு வரைபடத்தைக் காட்டித் தலையாட்டல் வாங்க வேண்டியிருந்தால் அந்த செட்டுகளில் பாதி வந்திருக்காது என்றுதான் நினைக்கிறேன்.

அன்றைய பிரிட்டிஷ் படங்களில் எல்லாப் பரப்பையும் பிளாஸ்டரில் செய்து பெயின்ட் அடிப்பார்கள். ஆடம் செம்பு போன்ற உலோகப் பரப்புகளைக் கொண்டுவந்தார். அணு உலை அறைக்காக ஹார்வெல் அணு ஆய்வு நிலையத்து விஞ்ஞானிகளிடம் விசாரித்தார். ஆனால் எனக்கு அந்தப் படத்தில் முக்கியமாகப் படுவது அணு உலை இல்லை. வில்லனின் கையாளான பேராசிரியர் டென்ட் தன் முதலாளியிடம் உத்தரவு வாங்க வரும் அறைதான். கடைசி நேரத்தில், மிச்சமிருந்த சொற்பக் காசில் செய்தது. கிட்டத்தட்ட காலியான அறை. சாய்ந்த கூரையில் வட்டமான பெரிய துளை, அதில் கம்பி வலை. கீழே ஒரு நாற்காலி, ஒரு சிறு மேஜை, மேஜையில் சிலந்திக் கூண்டு. வலையின் நிழல் தரையிலும் சுவரிலும் விழுகிறது. வில்லன் திரையில் வருவதில்லை, குரல் மட்டும் கேட்கிறது. அந்த மனிதன் யார், எவ்வளவு ஆபத்தானவன் என்று அறை சொல்லிவிடுகிறது. நிழலையும் கோணல் வடிவங்களையும் வைத்து மனநிலையைக் காட்டிய ஜெர்மன் எக்ஸ்பிரஷனிச சினிமா பிறந்த ஊரில் வளர்ந்தவர் என்பதை அந்த நிழலைப் பார்த்தே கண்டுபிடிக்கலாம். 15 ஆண்டு கழித்து அவர் போட்ட பிரம்மாண்டங்கள் எதுவும் இந்த அறையின் வேலையை இதைவிடச் சிக்கனமாகச் செய்யவில்லை.

வில்லனின் மாளிகையில் பெரிய மீன்தொட்டி ஒன்று வரும். அதற்காக மீன்களைத் தனியாகப் படமெடுக்கப் பணம் இல்லை. கிடைத்த பழைய ஃபிலிமில் இருந்ததெல்லாம் சின்ன மீன்கள். பெரிதாக்கிப் பின்னால் புரொஜெக்ட் செய்தபோது அவை பயங்கர சைஸில் தெரிந்தன. சரி, கண்ணாடி பெரிதாக்கிக் காட்டுகிறது என்று வசனத்திலேயே ஒரு கிண்டலை வைத்துச் சமாளித்தார்கள். அதே மாளிகையில் கோயாவின் வெலிங்டன் பிரபு ஓவியமும் இருக்கும். அது 1961-இல் லண்டன் நேஷனல் கேலரியில் உண்மையிலேயே திருடுபோன ஓவியம். திருடியது யார் என்று அப்போது யாருக்கும் தெரியாது. ஆடம் ஸ்லைடு ஒன்றை வாங்கி, ஒரு வார இறுதியில் தானே பிரதி வரைந்து மாட்டிவிட்டார். பாண்ட் அதைப் பார்த்து ஒரு கணம் நிற்கிறார், தியேட்டர் சிரிக்கிறது.

முக்கோணம்

'டாக்டர் நோ' படத்தைப் பார்த்துவிட்டு ஆடமைத் தேடியவர் இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக். அணு ஆயுதப் போர் பற்றிய கறுப்பு நகைச்சுவை 'டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ்'. அதிபரும் தளபதிகளும் கூடும் போர் அறைதான் மைய செட். ஆடம் குப்ரிக்கின் முன்னாலேயே உட்கார்ந்து வரைந்தார். இரண்டு அடுக்கு, மேலே பால்கனி போன்ற பகுதி, நாடக அரங்கு மாதிரி. குப்ரிக்குக்குப் பிடித்துவிட்டது. இவ்வளவு சுலபமான மனிதரா என்று ஆடமுக்கு ஆச்சரியம். வேலை ஆரம்பித்து சில வாரங்கள் கழித்து குப்ரிக் கேட்டார்: மேல் அடுக்கில் அறுபது, எழுபது துணை நடிகர்களை உட்காரவைத்து நான் என்ன செய்வது? வேறு ஏதாவது யோசியுங்கள்.

ஆடமுக்குத் தலை சுற்றிவிட்டது. மறுபடி வரைய உட்கார்ந்தபோது வந்ததுதான் அந்த முக்கோணம். குப்ரிக் பின்னால் நின்று பார்த்துவிட்டு, முக்கோணம்தான் வடிவங்களிலேயே உறுதியானது இல்லையா என்று கேட்டிருக்கிறார். கான்கிரீட்டில் கட்டிய மாபெரும் பதுங்குகுழி மாதிரி இருக்க வேண்டும் என்றும் தீர்மானமானது. ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் எழுந்த அந்த செட் ஏறத்தாழ 130 அடி நீளம், 100 அடி அகலம். கண்ணாடி போல மின்னும் கறுப்புத் தரை. நடுவே பெரிய வட்ட மேஜை. மேஜை மீது சீட்டாடும் மேஜையில் விரிக்கும் பச்சைத் துணியைப் போடச் சொன்னார் குப்ரிக். படமோ கறுப்பு வெள்ளை! உலகத்தின் தலைவிதியை வைத்துச் சூதாடுகிறார்கள் என்று நடிகர்களுக்குத் தோன்ற வேண்டுமாம்.

இந்த செட்டின் பெருமை அதன் பரப்பளவில் இல்லை. மேஜைக்கு மேலே அதே வட்டத்தில் ஒரு விளக்கு வளையம் தொங்குகிறது. அலங்காரத்துக்காகத் தொங்கவிட்டது இல்லை, நடிகர்களின் முகத்தில் விழும் முக்கிய வெளிச்சமே அதுதான். செட் வேறு, லைட்டிங் வேறு என்ற பிரிவினை அங்கே காணாமல் போகிறது. மேஜையைச் சுற்றி முகங்கள், அவற்றுக்குப் பின்னால் இருட்டு. அந்த இருட்டில் சுவரெங்கும் பிரம்மாண்ட வரைபடங்கள். அவற்றை வரைந்து, புகைப்படமாகப் பெரிதாக்கி, பிளைவுட்டில் ஒட்டி, பின்னால் பல்புகள் வைத்தார்கள். பல்புச் சூட்டில் ஒட்டிய படங்கள் உப்பி உரிய ஆரம்பித்தன. கடைசியில் அதற்கென்று குளிரூட்ட வேண்டியதாயிற்று.

பி-52 குண்டுவீச்சு விமானத்தின் உட்புறமும் யாரும் பார்த்திராத அறைதான். அமெரிக்க விமானப்படை உதவவில்லை. இதழ்களில் வந்த படங்களை வைத்துக் குழுவினர் ஊகித்துக் கட்டினார்கள். செட்டைப் பார்க்க வந்த அமெரிக்க விமானப்படைக்காரர்கள் சில சாதனங்கள் அவ்வளவு துல்லியமாக இருப்பதைக் கண்டு முகம் வெளுத்தார்களாம். எல்லாம் சட்டபூர்வமாகக் கிடைத்த தகவல்தானே, இல்லையென்றால் எஃப்பிஐ நம்மைத் தேடி வரும் என்று குப்ரிக்கிடமிருந்து ஆடமுக்குக் குறிப்பு பறந்தது.

அந்தப் படப்பிடிப்பு நாட்களில் குப்ரிக்கை ஸ்டுடியோவுக்குத் தன் ஜாகுவார் காரில் அழைத்துப்போனவர் ஆடம்தான். மணிக்கு 30 மைலுக்கு மேல் போகக் கூடாது என்பது குப்ரிக்கின் கண்டிப்பு. டைஃபூன் ஓட்டிய மனிதர் ஜாகுவாரை அந்த வேகத்தில் உருட்டிக்கொண்டு போயிருக்கிறார்.

10 லட்சம் டாலர் எரிமலை

1966-இல் 'யூ ஒன்லி லிவ் ட்வைஸ்' என்ற பாண்ட் படத்துக்கு லொக்கேஷன் தேடி ஜப்பான் போனார்கள். கதைப்படி வில்லன் கடலோரக் கோட்டையில் இருக்க வேண்டும். ஹெலிகாப்டரில் சுற்றிப் பார்த்ததில் கடலோரத்தில் அப்படி ஒரு கோட்டை கூட இல்லை. கியூஷு தீவில் எரிமலை வாய்கள் கண்ணில் பட்டன. எரிமலைக்குள்ளேயே வில்லனை வைத்தால் என்ன? ஆடம் ஓவியத்தைப் போட்டார். தயாரிப்பாளர் ப்ரோக்கொலி, 10 லட்சம் டாலரில் முடியுமா என்று கேட்டார். முடியும் என்று சொல்லிவிட்டார் ஆடம். அதற்கப்புறம்தான் கவலையே ஆரம்பித்தது என்று பின்னாளில் ஒப்புக்கொண்டிருக்கிறார். நான்கே ஆண்டுக்கு முன்னால் ஒரு முழுப் படத்துக்கு ஆன தொகை இப்போது ஒரே செட்டுக்கு.

அந்தப் பயணத்திலேயே இன்னொன்றும் நடந்தது. நிஞ்ஜா வித்தைகளைப் பார்ப்பதற்காக ஆடமும் தயாரிப்பாளர்களும் தங்கள் விமான டிக்கெட்டை ரத்து செய்தார்கள். 1966 மார்ச் 5 அன்று அவர்கள் ஏறியிருக்க வேண்டிய விமானம் ஃபுஜி மலை அருகே நொறுங்கியது. ஒருவரும் பிழைக்கவில்லை.

பைன்வுட்டின் திறந்தவெளியில் சுமார் 120 அடி உயரத்துக்கு எரிமலை எழுந்தது. 700 டன் இரும்பு. உள்ளே ஹெலிகாப்டர் இறங்கும் மேடை, மோனோரெயில், ராக்கெட், விலகித் திறக்கும் கூரை. எல்லாம் மாதிரி உருவம் இல்லை, முழு அளவு. ஹெலிகாப்டர் நிஜமாகவே உள்ளே இறங்கியது. பொத்தானை அழுத்தினால் சுவர் விலகி வில்லனின் ரகசியக் கூடம் தெரிவதை, ஜெய்சங்கரைத் 'தென்னகத்து ஜேம்ஸ்பாண்ட்' என்று கொண்டாடிய காலத்துத் தமிழ்ப் படங்களில் பார்த்துப் பழகியவர்கள் நாம். அந்த ஆசையின் ஊற்றுக்கண் இங்கேதான் இருக்கிறது.

ஆனால் படப்பிடிப்பு முடிந்ததும் அத்தனை இரும்பையும் பிரித்துப் போட வேண்டியிருந்தது. கையில் எதுவும் மிஞ்சவில்லை. இந்த வலியை ஆடம் மறக்கவில்லை.

இருக்கிற வீடுகள்

நடுவில் பறக்கும் கார் வரும் குழந்தைகள் படம், இன்னும் ஒரு பாண்ட் படம் எல்லாம் செய்தார். அவற்றைத் தாண்டி நேராக 'பேரி லிண்டன்' படத்துக்கு வருகிறேன். 18-ஆம் நூற்றாண்டுக் கதை. குப்ரிக் செட்டே வேண்டாம் என்றார். இருக்கிற மாளிகைகளில், அக்கால ஓவியங்களில் இருப்பதுபோல, இரவுக் காட்சிகளை மெழுகுவத்தி வெளிச்சத்திலேயே எடுக்க வேண்டும். அதற்காக நாசாவுக்கென்று ஸைஸ் நிறுவனம் செய்த லென்ஸைக் கொண்டுவந்தார். பழைய கூரை ஓவியங்கள் சூட்டில் பாழாகாமல் இருக்க மெழுகுவத்திக் கொத்துகளுக்கு மேலே தடுப்புகள் கட்ட வேண்டியிருந்தது.

செட்டே இல்லையென்றால் டிசைனருக்கு என்ன வேலை? இங்கேதான் வேலை அதிகம். கதையில் ஒரே மாளிகையாக வருவது நிஜத்தில் காசில் ஹவார்ட், வில்டன் ஹவுஸ், கோர்ஷம் கோர்ட் என்று பல இடங்களின் ஒட்டு. ஒவ்வொரு அறைக்கும் குப்ரிக்குக்கு ஆதாரம் வேண்டும், ஓவியம் வேண்டும், மாற்று வேண்டும். முடிவு மட்டும் கிடைக்காது. ஆடம் வரைந்து ஜெயிக்கிறவர்; ஆயிரம் புகைப்படங்களிலிருந்து ஒன்றைத் தேர்ந்தெடுத்து வாதாடும் வேலை அவரை அரித்துவிட்டது. படப்பிடிப்புக்கு நடுவிலேயே உடைந்துபோய் விலகிச் சிகிச்சைக்குப் போனார். ராய் வாக்கர் வேலையைத் தொடர்ந்தார். 1976-இல் ராய் வாக்கர், வெர்னான் டிக்ஸன் ஆகியோருடன் சேர்ந்து ஆடமுக்கு முதல் ஆஸ்கர் கிடைத்தது அந்தப் படத்துக்குத்தான்.

ஆடமின் ரசிகர்கள் பலர் இதை விருதுக்குழுவின் ரசனைக் குறைவு என்பார்கள். நான் அப்படிப் பார்க்கவில்லை. 'பேரி லிண்டன்' திரையில் அபாரமாகத்தான் இருக்கிறது. ஆனால் அது ஆடமின் கண்ணால் பார்த்த உலகம் இல்லை, குப்ரிக்கின் கண்.

அதற்கப்புறம் குப்ரிக்குடன் அவர் படம் செய்யவில்லை. நட்பு மட்டும் தொடர்ந்தது. 'தி ஸ்பை ஹூ லவ்டு மீ' என்ற பாண்ட் படத்தில் எண்ணெய்க் கப்பலின் வயிற்றுக்குள் 3 நீர்மூழ்கிகள் நிற்க வேண்டும். எந்தத் தளமும் கொள்ளாது. எரிமலைப் பாடம் நினைவில் இருந்ததால், இந்த முறை செட்டைச் சுற்றி ஒரு தளத்தையே கட்டிவிடலாம், பிற்பாடு வாடகைக்கு விடலாம் என்றார் ஆடம். பைன்வுட்டில் 300 அடிக்கு மேல் நீளமும் தண்ணீர்த் தொட்டியும் கொண்ட 007 ஸ்டேஜ் 1976-இல் அப்படித்தான் வந்தது. அவ்வளவு பெரிய, தண்ணீரும் உலோகமும் பளபளக்கும் இடத்துக்கு எப்படி லைட் வைப்பது? ஒளிப்பதிவாளர் கிளாட் ரெனுவாருக்கு அப்போது பார்வை மங்கிக்கொண்டிருந்தது. ஆடம் குப்ரிக்கைக் கூப்பிட்டார். யாருக்கும் தெரியக் கூடாது என்ற நிபந்தனையுடன், ஆள் இல்லாத ஞாயிற்றுக்கிழமை ஒன்றில் அவர் வந்து சில மணி நேரம் யோசனை சொல்லிவிட்டுப் போனார். ஆடமை உடைத்தவரேதான் அன்றைக்கு ஆளில்லாத தளத்தில் நின்று அவருக்கு விளக்கு வைத்துக் கொடுத்தார்.

அந்தத் தளம் 1984-இலும் 2006-இலும் தீயில் எரிந்தது; இரண்டு முறையும் திரும்பக் கட்டினார்கள். முதலீடாகப் பார்த்தால் ஆடம் போட்ட கணக்கு சரி.

1979-இல் 'மூன்ரேக்கர்' அவருடைய கடைசி பாண்ட் படம். விண்வெளி நிலையம் வரை போய்விட்டார். அங்கே செட் இருக்கிறது, கதைக்கு மூச்சு இல்லை. ஒவ்வொரு படத்திலும் போன படத்தை மிஞ்ச வேண்டும் என்ற தயாரிப்பாளர்களின் நெருக்கடியில் ஆடமும் ஒரு பங்காளி என்பதை மறைக்க வேண்டியதில்லை. அவரிடம் தொழில் கற்றவர்கள் அந்த இடத்தை நிரப்பினார்கள். பாண்ட் படங்களை அடுத்துக் கவனித்துக்கொண்ட பீட்டர் லமான்ட், பின்னாளில் 'டைட்டானிக்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார்.

இரண்டாவது ஆஸ்கர் 1995-இல், 'தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்' படத்துக்கு, கரோலின் ஸ்காட்டுடன் சேர்ந்து. மறுபடி 18-ஆம் நூற்றாண்டு, மறுபடி பிரபுக்களின் மாளிகைகள், அதே வில்டன் ஹவுஸ் உட்பட. இந்த முறை அவர் உடையவில்லை. குப்ரிக்கின் பிடிவாதம் இங்கே இல்லை, பணமும் அதிகம் இல்லை; பைத்தியம் பிடித்த அரசனுக்கு எந்த அறை எவ்வளவு வெறுமையாக இருக்க வேண்டும் என்று முடிவெடுக்கும் உரிமை அவரிடம் இருந்தது.

2001-இல் இஸ்த்வான் ஸாபோவின் 'டேக்கிங் சைட்ஸ்' படத்துக்காகப் போருக்குப் பிந்தைய பெர்லினை வடிவமைத்தார். 2003-இல் சர் பட்டம். 2012-இல் சுமார் 4,000 ஓவியங்களை பெர்லினில் உள்ள ஜெர்மன் திரைப்பட அருங்காட்சியகத்துக்கே கொடுத்தார். 2016 மார்ச்சில் லண்டனில் 95 வயதில் இறந்தார். போர் அறையின் அந்த முதல் இரண்டடுக்கு ஓவியமும் பெர்லின் தொகுப்பில் இருக்கிறது. அழகான ஓவியம்தான். ஆனால் முக்கோணத்தின் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், மேலடுக்கில் எழுபது பேரை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று குப்ரிக் கேட்டதில் நியாயம் இருக்கிறது.